கேதம் கேட்காத வீடு

அத்தியாயம் பதினான்கு

டெலிபோனை எடுத்தது பாப்பாயிதான்.

"அலோ... ஆருங்க?"

"எம்.பி. ஊடுங்களா?" ஒரு பெண்குரல். அவசரமே இல்லாத குரல்.

"ஆமாங்க. சொல்லுங்க."

"பழைய சந்தை வீதியில சைக்கிள் கடைக்காரம்மா இருக்காங்கல்ல, சென்னியம்மா... காலையில போயிட்டாங்க. அவருகிட்டச் சொல்லிப்போடுங்க."

"அட சாமீ! என்னாச்சுங்க? ஆருங்க பேசறது?"

அந்தப் பக்கம் வைத்துவிட்டார்கள்.

பாப்பாயி ரிசீவரை வைத்தாள். அந்தக் குரலை எங்கேயோ கேட்டிருக்கிறாள். எங்கே என்றுதான் பிடிபடவில்லை.

'எம்.பி. வீடு' என்றுதான் வேலங்கரட்டில் இன்னமும் சொல்கிறார்கள். அரங்கசாமி டெல்லியிலிருந்து திரும்பி வருஷக்கணக்கு ஆகிவிட்டது. இந்த மே மாதம் மறுபடியும் சட்டசபைக்கு நின்று, அடித்த அலையில் தோற்று, ஓட்டு எண்ணிய மறுநாளே நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சாய்ந்து, கோயமுத்தூர் ஆஸ்பத்திரியில் கிடந்து எழுந்து வந்தவர். இனி அரசியலே வேண்டாம் என்று இருந்தவரின் வீட்டில், பேரூராட்சித் தலைவர் பதவி பெண்களுக்கு என்று அறிவிப்பு வந்ததும் மறுபடியும் கொடிகள் ஏறின. மகள் கோமளா வேட்பாளர். போன வாரம் அவள் மனு கொடுத்துவிட்டு வந்து, "பழைய சந்தை வீதிக்கு எப்பங்கப்பா ஓட்டுக் கேக்கப் போறது?" என்று கேட்டதும், சோற்றில் கை வைத்தவர் வைத்தபடியே எழுந்து போனாரே, அதுதான் வாசகர்கள் அவரைக் கடைசியாகப் பார்த்தது.

"ஏனுங்க..." பாப்பாயி முன்னறைக்கு வந்தாள்.

அரங்கசாமி பேப்பரில் கண்ணீர் அஞ்சலி விளம்பரங்களைப் பார்த்துக்கொண்டிருந்தார். அதிலிருந்துதான் அவருக்குப் பேப்பர் தொடங்கும். பக்கத்தில் மருமகன் வெங்கடபதி, நாலு விரலில் நோட்டீஸ் பசையோடு. கோமளா தலைவாரிக்கொண்டிருந்தாள்.

"சென்னியம்மா போயிட்டாங்களாமா."

பேப்பர் கீழே இறங்கியது.

"ஆரு சொன்னது?"

"போன் வந்துதுங்க. ஒரு பொம்பளை."

"பேரு?"

"சொல்லாம வெச்சுட்டாங்க."

வெங்கடபதிக்கு முகம் மலர்ந்துவிட்டது. மலரக்கூடாது என்று நினைவு வந்து சுருக்கிக்கொண்டான். தென்னைநார் மில் வைத்திருப்பவன். எதையும் கையோடு லோடு ஏற்றிவிடவேண்டும் அவனுக்கு.

"மாமா, நாம முந்திக்கோணும். எதிர்க்கட்சிக்காரங்க மாலை விழறதுக்கு முன்னால நம்ம மாலை விழுகோணும். மைக் ஆட்டோவுல ஒரு வார்த்தை சொல்லிடலாமுங்களா? 'ஆழ்ந்த இரங்கல்'னு..."

"மாப்ள." அரங்கசாமியின் குரல் எழவில்லை. "ஆட்டோவை நிறுத்திப்போடுங்க. ஒரு வார்த்தை வெளியில போகக்கூடாது."

"இல்லீங் மாமா, அந்த வீதி ஓட்டு பூராவும்..."

"எளவு உறுதியாகாம மைக் வேண்டாம்னு சொன்னனுங்க."

வெங்கடபதி வாயை மூடிக்கொண்டான். ஏன் என்று அவனுக்கும் தெரியும். ஊருக்கே தெரியும்.

அரங்கசாமி பேச்சாளர் கிடையாது. மைக்கைக் கண்டால் நாலாவது வார்த்தையிலேயே திக்கும். அவர் ஜெயித்ததெல்லாம் எழவு வீட்டில். எவர் வீட்டில் சாவு என்றாலும் பிணம் எடுப்பதற்குள் போய், கை நீட்டித் துக்கம் விசாரித்துக் கேதம் கேட்டுவிடுவார். யூனியன் கவுன்சிலருக்கு நின்ற காலத்தில் சைக்கிள், சேர்மன் ஆனதும் ஜீப், எம்.எல்.ஏ. ஆனதும் அம்பாசடர். டெல்லிக்குப் போன பிறகும் காலையில் ஊருக்கு டிரங்க் கால் போட்டு, "இன்னிக்கு ஆரு?" என்றுதான் கேட்பார். பீளமேட்டில் விமானம் இறங்கி, வீட்டுக்குக்கூட வராமல் நேரே எழவு வீட்டுக்குப் போன நாட்கள் உண்டு. கார் டிக்கியில் மாற்று வேட்டி, சோப்பு, துண்டு எந்நேரமும் இருக்கும். போகிற வழியில் ஏதாவது கிணற்று மோட்டாரில் குளித்துவிட்டு அடுத்த ஊருக்குப் போகவேண்டுமே!

அப்படிப்பட்டவர் போகாத எழவு ஒன்றே ஒன்று. சைக்கிள் கடை பாலுசாமியுடையது.

எண்பதாம் வருஷம். பாலுசாமி போய்விட்டார் என்று சேதி வந்தது. சின்ன வயதுச் சினேகிதன். முதல் எலெக்ஷனில் சைக்கிள் மிதித்தவர் பாலுசாமி. கேரியரில் உட்கார்ந்து கும்பிடு போட்டவர் அரங்கசாமி. எம்.எல்.ஏ. அம்பாசடரை விரட்டிக்கொண்டு போனார். ஆள் உயர மாலை, சம்பங்கியும் ரோஜாவும். பின்னால் இரண்டு கார்க் கூட்டம். "அய்யோ பாலு" என்று வாசலில் கை நீட்டியவர் நீட்டியபடி நின்றார். பாலுசாமி கட்டிலில் உட்கார்ந்து காப்பி குடித்துக்கொண்டிருந்தார்.

கூட்டம் சிரித்தது. பாலுசாமியும் சிரித்தார். "கொண்டாந்த மாலையைத் திருப்பிக் கொண்டு போகலாமா? போட்டுட்டுப் போடா அரங்கா" என்று கழுத்தைக் குனிந்து கொடுத்தார். அரங்கசாமியும் சிரித்துக்கொண்டே போட்டார்.

அடுத்த வாரமே பாலுசாமி செத்துப்போனார்.

அந்த எழவுக்கு அரங்கசாமி போகவில்லை. அன்றிலிருந்து யார் மாலை போட வந்தாலும் கழுத்தில் விழ விடமாட்டார், கையிலேயே வாங்கிக்கொள்வார். பத்திரிகைக்காரர்கள் அதை எளிமை என்று எழுதினார்கள். கோமளா கல்யாணத்தில் மணமாலையில்கூடச் சம்பங்கி இல்லை. அந்த வீட்டு வேலிக்குள் சம்பங்கிச் செடியே கிடையாது. எல்லாப் பிரச்சாரத்திலும் ஜீப் பழைய சந்தை வீதியைச் சுற்றிக்கொண்டுதான் போகும்.

கேதம் கேட்காத வீட்டில் தண்ணீர் குடிக்கக்கூடாது. ஓட்டு எப்படிக் கேட்பது?

இதில் அரங்கசாமியைத் தூங்கவிடாத சங்கதி ஒன்று உண்டு. அவர் கால் வைக்காத அந்த வீதியின் பெட்டியில், ஒவ்வொரு தேர்தலிலும் அவருக்குத்தான் ஓட்டு விழும். இந்த மே மாதம் ஊரே கைவிட்டபோதும் அந்தப் பெட்டி மட்டும் கைவிடவில்லை. எண்ணிக்கை கேட்டதும், "செத்தவன் போடறான்" என்று முனகினார். அதற்கு மறுநாள்தான் நெஞ்சுவலி.

"கண்ணு." அரங்கசாமி மகளைக் கூப்பிட்டார்.

"சொல்லுங்கப்பா."

"நீ போ. போயி உறுதியாப் பாத்துட்டு வா. சொன்னாங்க, அழுதாங்கன்னு வந்து நிக்கப்படாது. மூக்குல கை வெச்சுப் பாத்துட்டு வா."

"பாத்துட்டுங்கப்பா?"

"உறுதின்னா..." துண்டை எடுத்துத் தோளில் போட்டார், எடுத்து மடியில் வைத்தார். "உறுதின்னா நான் வாரேன்."

பாப்பாயி திரும்பிப் பார்த்தாள். "வாரீங்களா?"

"அந்தம்மா மூஞ்சியில முழிக்கறதுக்குப் பயந்துதான் பாப்பாயி இத்தனை வருசம். இனி அந்தக் கண்ணு தொறக்காதுல்ல. கையையாச்சும் நீட்டிட்டு வந்தர்றேன். இன்னிக்குப் போனாத்தான். நாளைக்கு வெள்ளிக்கிழமை, கேதம் கேக்கப்படாது."

"டாக்டரு என்ன சொன்னாருன்னு நெனப்பு இருக்குதுங்களா? அழுகாச்சி, அதிர்ச்சி ஒன்னும் ஆகாதுன்னாரு."

"செத்தவங்களைப் பாத்து எனக்கு என்ன அதிர்ச்சி? அதுதானே என் பொழப்பு."

கார் ஓட்டியது யாகூப். ஜீப் காலத்திலிருந்தே அரங்கசாமியின் டிரைவர். மாலை வாங்கக் கடைத்தெருவில் நிறுத்தியபோது கோமளா கேட்டாள்.

"எந்த மாலைங்க வாங்கறது?"

"ரோஜா வாங்கிக்கங்க அம்மணி."

"ரோஜா மட்டும் இல்லையாமாங்க. சம்பங்கி கலந்ததுதான் இருக்குதாம்."

மாலை பின்சீட்டில் ஏறியது. மணம் வெளியே போகட்டும் என்று யாகூப் கண்ணாடியை இறக்கிவிட்டான்.

"யாகூப் அண்ணா, அன்னிக்கு நெசமாவே பாலு மாமா செத்தப்ப அப்பா மெட்ராஸ்ல இருந்தாருன்னுதானே அம்மா சொல்லுவாங்க?"

"அம்மா அப்படித்தான் சொல்லுவாங்க."

"நீங்க என்ன சொல்லுவீங்க?"

"நான் டிரைவருங்க அம்மணி. திருப்புன்னா திருப்புவேன்."

"எங்க திருப்பச் சொன்னாரு?"

யாகூப் வண்டியை மெதுவாக்கினான். பழைய சந்தை வீதியின் முனை. ஒரு பக்கம் கொப்பரைக் களம், எதிரே குழாயடி.

"இவத்ததான்" என்று அந்த முனையைக் காட்டினான்.

கோமளா இறங்கிக்கொண்டாள். வீதியில் பந்தல் இல்லை. பறைச்சத்தம் இல்லை. குழாயடியில் இரண்டு பெண்கள் குடத்தை வைத்துவிட்டுச் சண்டை போட்டுக்கொண்டிருந்தார்கள். மாலையைத் தூக்கிக்கொண்டு வேட்பாளர் நடந்து வருவதைப் பார்த்ததும் சண்டை நின்றது.

"ஆரு ஊட்டுக்குங்க அம்மணி மாலை?"

கோமளாவுக்கு உள்ளங்கால் கூசியது. நடையை எட்டிப் போட்டாள்.

சைக்கிள் கடை பூட்டிக் கிடந்தது. அதை ஒட்டி வீட்டு வாசல். கதவு திறந்திருந்தது. வெயிலிலிருந்து உள்ளே பார்த்தால் ஒன்றும் தெரியவில்லை. அப்புறம் இருட்டில் ஒரு வெள்ளைச் சேலை தெரிந்தது. சுவரில் சாய்ந்து, கால் நீட்டி, அசையாமல். மூக்கில் கை வைத்துப் பார்க்கச் சொன்னாரே என்று கோமளா ஓர் அடி உள்ளே வைத்தாள்.

"மாலை பெருசாத்தான் இருக்குது" என்றது வெள்ளைச் சேலை.

கோமளாவின் கையிலிருந்து மாலை நழுவிப் பாதி தரையில் விழுந்தது.

"அத்தை!"

"பயந்துட்டியா? உக்காரு கண்ணு. மாலையை மிதிச்சுப்போடாதே, எனக்குத்தானே வாங்குனது?"

"அத்தை, போன்ல... ஒரு பொம்பளை..."

"நாந்தான் பேசுனேன்."

கோமளாவுக்கு உட்காரத் தோன்றியது. உட்கார்ந்தும் விட்டாள், வெறுந்தரையில்.

"உங்கம்மாளுக்கு என் குரல் தெரியும்னு நெனச்சேன். தெரியல. சேந்து சுள்ளி பொறுக்குனவ! எம்.பி. பொண்டாட்டி ஆனதும் காது மந்தமாயிருச்சு." சிரிக்கப் பார்த்து இருமினாள் சென்னியம்மாள். இருமல் நிற்கக் கொஞ்ச நேரம் ஆனது. "உங்கப்பன் வருவாருன்னு பாத்தா, உன்னை அனுப்பி வெச்சிருக்காரு."

"உறுதியாப் பாத்துட்டு வரச் சொன்னாருங்க."

"சூடு பட்ட பூனை."

"ஏனுங்க அத்தை இப்படிப் பண்ணுனீங்க? மனுசரை வெளையாட்டுப் பண்றதுக்கும் ஒரு இது இல்லீங்களா? அந்த மாலையைப் போட்டுட்டு வந்தவரு, பதினாறு வருசமாத் தூங்கல. தெரியுமா உங்களுக்கு? ராத்திரி எந்திரிச்சு உக்காந்து கையை மோந்து பாப்பாரு. நான் பாத்திருக்கேன்."

சென்னியம்மாள் சேலைத் தலைப்பால் வாயைத் துடைத்துக்கொண்டாள்.

"கையை மோந்து பாப்பாரா?"

"ஆமாங்க. தான் போட்ட மாலைதான் பாலு மாமாவைக் கொண்டு போயிருச்சுன்னு."

"ஊரும் அப்படித்தான் சொல்லுது."

"நீங்களும் அப்படித்தான் நெனைக்கறீங்களா?"

"கண்ணு, உங்கப்பன் ஊர் ஊரா எத்தனை ஊட்டுக்குப் போயிருப்பாரு?"

"அதைக் கணக்கெடுக்க முடியுங்களா?"

"அதுல ஒரு ஊட்டுக்காச்சும், சாவு இல்லாம போயிருக்காரா? சும்மா? 'என்னப்பா, நல்லாருக்கியா'ன்னு கேட்டுட்டு வர?"

கோமளா யோசித்தாள். ஒரு வீடும் நினைவுக்கு வரவில்லை.

"கோயமுத்தூர்ல டாக்டருங்க கையை விரிச்சுட்டாங்க. வயித்துல கட்டி. ஊட்டுக்குக் கூட்டிட்டுப் போங்கன்னுட்டாங்க. ஊர்ல ஒருத்தருக்கும் சொல்லக்கூடாதுன்னுட்டாரு உங்க பாலு மாமா. 'அரங்கனை மட்டும் ஒருக்காப் பாத்துட்டாப் போதும்'னாரு. ஆள் உட்டேன். 'வாரேன்னு சொல்லு'ன்னாரு உங்கப்பன். மறுக்கா உட்டேன். 'சட்டசபை முடியட்டும்'னாரு. அப்பறம் ஒரு நாள் இவரு என்னைக் கூப்பிட்டு, 'சென்னீ, உசுரோட இருக்கறவன் ஊட்டுக்கு அவன் வரமாட்டான். நான் செத்துட்டேன்னு சொல்லியனுப்பு. பொழுதுக்குள்ள வந்து நிப்பான் பாரு'ன்னாரு."

குழாயடிச் சத்தம் மறுபடியும் தொடங்கியிருந்தது. கோமளாவுக்கு அது வெகு தூரத்தில் கேட்டது.

"வந்தாரு. பொழுதுக்குள்ள எங்க, சோறு வேகறதுக்குள்ள வந்துட்டாரு! இவரு அன்னிக்குச் சிரிச்ச சிரிப்பு... கல்யாணத்தன்னிக்குக்கூட அப்படிச் சிரிக்கல. கார் போன பின்னாலயும் மாலையைக் கழட்டமாட்டேன்னுட்டாரு. போட்டுட்டே கிடந்தாரு. 'பாத்தியா சென்னீ, என் கழுத்துல மாலை போட ஒரு எம்.எல்.ஏ. ஓடியாறான்'னு. அடுத்த வாரம் போயிட்டாரு. போறவருதான். மாலையா கொண்டு போச்சு?"

"இதை... இதை அப்பாகிட்ட ஏனுங்க சொல்லல?"

"வந்தாச் சொல்லலாம்னு இருந்தேன். வந்தாரு. வீதி முக்குல கார் நின்னுது. பொணத்துக்குப் பக்கத்துல உக்காந்துட்டு நான் பாத்துட்டே இருக்கேன். இப்ப எறங்குவாரு, இப்ப எறங்குவாருன்னு. கார் திரும்பிப் போச்சு." சென்னியம்மாள் வாசலைப் பார்த்தபடியே பேசினாள், இப்போதும் அங்கே கார் நிற்பதுபோல. "ஊரு மாலைக் கதையைக் கட்டிப் பேசுச்சு. உங்கப்பனும் அதையே நம்பிட்டுத் திரியறாருன்னு தெரிஞ்சுது. நம்பட்டும்னு உட்டுட்டேன்."

"அத்தை..."

"ஆமா கண்ணு. வேணும்னுதான் உட்டேன்."

"அப்பறம் ஓட்டு? இந்த வீதி ஓட்டு?"

"அது உங்க மாமா கேட்டது. சாகறதுக்கு முந்தின நாளு. 'இந்த வீதிப் பெட்டியில அரங்கனுக்குக் கொறையக்கூடாது'ன்னு. எலெக்ஷன் வந்தா ஊடு ஊடாப் போயிச் சொல்லுவேன். ஓட்டுப் போட்டது அவருக்காக. சொல்லாம இருந்தது எனக்காக."

கோமளா எழுந்து அவள் பக்கத்தில் போய் உட்கார்ந்தாள். கையைப் பிடித்தாள். கை சுட்டது. மணிக்கட்டு குச்சி மாதிரி இருந்தது. அப்போதுதான் கண் பழகி, முகம் சரியாகத் தெரிந்தது.

"அத்தை, உங்களுக்கு உடம்புக்கு என்னங்க?"

"அவருக்கு வயித்துல. எனக்கு இங்க." நெஞ்சின் ஒரு பக்கத்தைத் தொட்டாள். "போன மாசம் கோயமுத்தூர் போயிட்டு வந்தேன். அதே மாதிரிதான் சொன்னாங்க. ஊட்டுக்குப் போங்கன்னு."

கோமளா பிடித்த கையை விடவில்லை.

"நான் போனா அந்தச் சேதியும் எங்கூடப் போயிரும். அதான் போன் போட்டேன்."

"நான் போயிச் சொல்றனுங்க அத்தை. இப்பவே. கூட்டிட்டு வாரேன்."

"என்னன்னு சொல்லுவே? சென்னியம்மா உசுரோட இருக்கான்னா? வருவாரா?"

வரமாட்டார். அந்தம்மா மூஞ்சியில் முழிக்கப் பயம் என்று காலையில்தானே சொன்னார்.

"மாமா சொன்னதையாச்சும் சொல்றேன்."

"நீ சொல்லப்படாது." குரல் சட்டென்று கெட்டியானது. "நீ சொன்னா, மக நம்ம மனசாத்தறதுக்குக் கதை சொல்றான்னு நெனைப்பாரு. பதினாறு வருசம் வாயை மூடுனவ நான். தொறக்கறதும் நானாத்தான் இருக்கோணும். உங்கப்பன் இந்த வாசல்ல ஏறி, உங்க மாமாவுக்காகக் கை நீட்டிக் கேதம் கேக்கோணும். அப்பறம் சொல்றேன்."

"அவருக்கு நெஞ்சு சரியில்லீங்க. அதிர்ச்சி ஆகாதுன்னு டாக்டர் சொல்லியிருக்காரு. செத்தவங்கன்னு நெனச்சு வந்து, நீங்க உக்காந்திருக்கறதைப் பாத்தாருன்னா... அத்தை, ஏதாச்சும் ஆயிருச்சுன்னா?"

"அப்ப வேண்டாம் உடு."

அவ்வளவுதான் சொன்னாள். கோபம் இல்லை. வற்புறுத்தவும் இல்லை. அது கோமளாவுக்கு இன்னும் கஷ்டமாக இருந்தது.

"குடிக்கத் தண்ணி இருக்குங்களா?" என்றாள் கோமளா.

சென்னியம்மாள் சொம்பை எடுத்தாள். எடுத்தவள், நினைவு வந்தாற்போல் தன் பக்கமே வைத்துக்கொண்டாள்.

"நீ இன்னும் குடிக்கப்படாது கண்ணு. உங்கப்பன் கேக்கட்டும்."

எம்.பி. வீட்டு வாசலில் வெங்கடபதி எதிர்கொண்டான்.

"என்னாச்சு கோமளா? கூட்டம் எப்படி? அவனுங்க ஆராச்சும் வந்திருக்காங்களா?"

"இல்லீங்க."

"அப்ப நாமதான் மொதல்ல! மைக்கை ஆரம்பிச்சர்றேன்."

"வேண்டாம்ங்க."

"ஏன்?"

"வேண்டாம்னா வேண்டாம்ங்க. ஒரு நாளைக்கு எனக்கு ஓட்டு வேண்டாம். போதுங்களா?"

கல்யாணமான நாளிலிருந்து அவள் அந்தக் குரலில் அவனிடம் பேசியதில்லை. வெங்கடபதி விலகி வழிவிட்டான்.

அரங்கசாமி தயாராக இருந்தார். சலவை வேட்டி, வெறும் தோளில் துண்டு. எத்தனையோ எழவுக்குப் புறப்பட்ட அதே உடுப்பு. ஆனால் செருப்பை மாற்றிப் போட்டிருந்தார், வலது இடதாக. கோமளா குனிந்து சரியாக மாட்டிவிட்டாள்.

"பாத்தியா கண்ணு?"

"பாத்தனுங்கப்பா."

"மூக்குல கை வெச்சு?"

"கையைப் பிடிச்சுப் பாத்தனுங்க."

"போயிட்டாங்களா?"

அலமாரியில் மாத்திரை டப்பா இருந்தது. நாக்கடியில் வைக்கும் வெள்ளை மாத்திரை. கோமளா அதை எடுத்தாள். ஒன்றை முந்தானை முனையில் முடிந்தாள். அவ்வளவையும் செய்யும்வரை அவர் அவள் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார். வேட்பாளராக இந்த ஒரு வாரத்தில் எத்தனையோ பொய் சொல்லியிருக்கிறாள். ரோடு வரும், தண்ணி வரும், விளக்கு வரும். ஒன்றும் இப்படித் தொண்டையில் நின்றதில்லை.

"ஆமாங்கப்பா" என்றாள்.

அரங்கசாமி கண்ணை மூடித் திறந்தார். "சரி. போலாம்."

சமையற்கட்டு வாசலில் பாப்பாயி நின்றுகொண்டிருந்தாள். கோமளாவின் முகத்தைப் பார்த்தாள். எழவு வீட்டிலிருந்து வந்த பெண்ணின் கண் சிவந்திருக்கும்; சேலைத் தோளில் யாராவது அழுத ஈரம் இருக்கும். ஒன்றும் இல்லை.

"கோமளா, அந்தப் போன்ல பேசுன குரல் ஆருதுன்னு நெனப்பு வந்துருச்சு..."

"அம்மா." கோமளா திரும்பினாள். "அப்பா வந்ததும் குளிக்கோணும். வெந்நி போடுங்க."

தாயும் மகளும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். பாப்பாயி அரங்கசாமியைப் பார்த்தாள்; வாசல் நிலையில் கை வைத்து நின்றுகொண்டிருந்தார், கூப்பிட்டால் திரும்பிவிடுவார் போல. கூப்பிடவில்லை.

"பாத்துக் கூட்டிட்டுப் போ" என்றாள். அடுப்படிக்குள் போய்ப் பெரிய அண்டாவை இறக்கும் சத்தம் கேட்டது.

காரில் ஏறி உட்கார்ந்தார் அரங்கசாமி. பின்சீட்டில் உதிர்ந்து கிடந்த ஒரு சம்பங்கிப் பூவை எடுத்துப் பார்த்தார். அவர் அதை வெளியே எறியவில்லை. உள்ளங்கையில் வைத்து மூடிக்கொண்டார்.

"மாலை வாங்கலியா?"

"அங்க இருக்குதுங்கப்பா."

வீதி முனை வந்தது. யாகூப் கேட்காமலே வண்டியை நிறுத்தினான். இந்த முறை திருப்பச் சொல்வாரோ என்று கண்ணாடியில் பார்த்தான். அரங்கசாமி கதவைத் தானே திறந்து இறங்கினார்.

"நடந்தே போலாம் கண்ணு. கார் வேண்டாம். இந்த வீதிக்கு நான் சைக்கிள்ல வந்தவன்."

கோமளா அவர் முழங்கையைப் பிடித்துக்கொண்டாள். இன்னொரு கை முந்தானை முடிச்சில். குழாயடிப் பெண்கள் எழுந்து நின்றார்கள். எம்.பி. வருகிறார், இந்த வீதிக்கு வருகிறார் என்று வாசல்களில் தலைகள் எட்டிப் பார்த்தன.

கொஞ்சத் தூரம் போனதும் அவர் நடை தளர்ந்தது.

"பறைச்சத்தம் காணமே?"

அவள் நடந்துகொண்டே இருந்தாள்.

"பந்தலும் போடலையா?"

"வாங்கப்பா."

"கோமளா." அவர் நின்றுவிட்டார். பூட்டிய சைக்கிள் கடைக்கு நேர் முன்னால். "நான் போகாத எளவு ஊடு கிடையாது. எளவு ஊடு எப்படி இருக்கும்னு எனக்குத் தெரியாதா?"

கோமளாவின் விரல்கள் முடிச்சை அவிழ்த்துவிட்டிருந்தன. மாத்திரை உள்ளங்கையில் ஒட்டியது.

அப்போது உள்ளேயிருந்து ஓர் இருமல் கேட்டது.

அரங்கசாமியின் உடம்பு ஒருமுறை அதிர்ந்தது. பிடித்திருந்த முழங்கை வழியாக அவளுக்குத் தெரிந்தது. அவர் முகத்தைப் பார்க்கப் பயந்து அவர் காலைப் பார்த்தாள். சரியாக மாட்டிவிட்ட செருப்புகள். அவை வீதி முனைக்குத் திரும்பவில்லை. ஒன்று கழன்றது. பிறகு மற்றது.

"பாலு..." என்றார். யாரிடம் சொன்னார் என்று தெரியவில்லை.

பூவை மூடிவைத்திருந்த கை விரிந்தது. இரண்டு கைகளையும் முன்னால் நீட்டிக்கொண்டு, பதினாறு வருஷம் கழித்து, அந்த வாசற்படியில் ஏறினார். அவள் பிடியிலிருந்து முழங்கை நழுவிப் போய்விட்டது.

உள்ளே இருட்டில் வெள்ளைச் சேலை எழுந்து நின்றது. அதன் கையில் மாலை இருந்தது.